பழைய வேனுக்கு ஓர் அலைவாங்கி

வத்தலக்குண்டில் காய்கறி வணிகம் செய்யும் நண்பர் ஒருவரிடம் பழைய மாருதி ஆம்னி வேன் ஒன்று இருக்கிறது. கார்புரேட்டர் காலத்து வண்டி. மலைக்குப் போய்க் காரட்டும் பீன்ஸும் ஏற்றி வருவது அவருடைய அன்றாடத் தொழில். மழைக்காலத்தில் மலைப்பாதையில் எங்கே மண் சரிந்தது, எந்த வழி அடைபட்டது என்பது அவருக்கு முக்கியமான செய்தி. கொண்டை ஊசி வளைவுகளில் கைப்பேசி பல இடங்களில் ஊமையாகிவிடும். ஆகவே வண்டியிலுள்ள வானொலியைத்தான் அவர் நம்பியிருந்தார்.

அந்த வானொலி இரைச்சலைத் தவிர வேறெதையும் தரவில்லை. இத்தனைக்கும் கோடை பண்பலையின் ஒலிபரப்பி, அண்ணாந்து பார்த்தால் தெரியும் அந்த மலையின் மேல்தான் இருக்கிறது. கடைக்காரர் ஒருவர் வானொலிப் பெட்டி பழுது என்று சொல்லிப் புதிய பெட்டி பொருத்தினார். பயனில்லை. இன்னொரு கடைக்காரர் அதையும் மாற்றினார். இரைச்சல் மட்டும் மாறவே இல்லை. கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, கூரையிலிருந்த அலைவாங்கியின் அடிப்பாகத்தை நாங்களே கழற்றிப் பார்த்தோம். அதன் கீழே துரு செதில் செதிலாக உதிர்ந்தது. உப்புத்தாளால் தேய்த்துத் தகரம் பளபளத்ததும், புதிய பல் வாசர் ஒன்றைப் போட்டு இறுக்கினோம். பாட்டு தெளிவாக வந்தது. இரண்டு வானொலிப் பெட்டிகள் தீர்க்காத குறையைத் தீர்த்தது ஒரு வாசர்!

இதில் மாயம் ஒன்றும் இல்லை. ஏரியல் என்றும் ஆன்டெனா என்றும் நாம் வழங்கும் அலைவாங்கி எவ்வாறு வேலை செய்கிறது என்பதை அறிந்தால், உங்கள் பழைய வேனிலும் இக்குறையை நீங்களே கண்டுபிடித்துவிடலாம்.

கம்பி பாதி, கூரை பாதி

வண்டியின் மேல் நிற்கும் கம்பிதான் அலைவாங்கி என்று பலரும் எண்ணுகிறோம். உண்மையில் அது அலைவாங்கியின் ஒரு பாதியே. மறு பாதி எது? வண்டியின் தகர உடல்தான்.

வானொலி அலை கம்பியின் மேல் படும்போது, கம்பியிலுள்ள எலெக்ட்ரான்கள் மேலும் கீழுமாக ஊசலாடுகின்றன. அந்த ஊசலாட்டமே மின்னோட்டமாக வானொலிப் பெட்டிக்குள் செல்கிறது. ஆனால் மின்னோட்டத்துக்குப் போக ஒரு வழி வேண்டுமானால், வர ஒரு வழியும் வேண்டும். ஒரு கை தட்டினால் ஓசை எழாது. கம்பி ஒரு கை என்றால், வண்டியின் உடல் மற்றொரு கை.

1888-ஆம் ஆண்டில் வானொலி அலைகள் உண்டு என்பதை ஜெர்மானிய அறிஞர் ஹெர்ட்ஸ் மெய்ப்பித்துக் காட்டினார். அவர் பயன்படுத்திய அமைப்பில் ஒரே நேர்கோட்டில் இரண்டு கம்பிகள் இருந்தன. சில ஆண்டுகளுக்குப் பின் மார்க்கோனி ஒரு பாதியை உயரத் தூக்கி நிறுத்தி, மறு பாதிக்குப் பதிலாக மண்ணையே பயன்படுத்திக்கொண்டார். 'எர்த்' என்ற சொல் வானொலிக்குள் நுழைந்தது இவ்வாறே.

வேனோ ரப்பர்ச் சக்கரங்களின் மேல் நிற்கிறது. மண்ணோடு அதற்கு மின்தொடர்பு இல்லை. அதனால் மண்ணின் வேலையைக் கூரைத் தகடு ஏற்றுக்கொள்கிறது. குளக்கரையில் நிற்கும் தென்னையைப் பாருங்கள். நீருக்குள் இன்னொரு தென்னை தலைகீழாகத் தெரிகிறது அல்லவா? அதைப்போலவே தகரக் கூரையில் நடப்பட்ட கம்பிக்கும், அலைகளைப் பொறுத்தவரை, ஒரு 'நிழல் கம்பி' அமைகிறது. இரண்டும் சேர்ந்தால்தான் முழு அலைவாங்கி. கம்பியின் அடிப்பாகத்துக்கும் கூரைக்கும் இடையில் துரு புகுந்துவிட்டால், அந்த இரண்டாவது பாதி துண்டிக்கப்படுகிறது. நண்பரின் வேனில் நிகழ்ந்தது இதுவே.

கம்பி எவ்வளவு நீளம் இருக்க வேண்டும்?

இதற்கு எளிய கணக்கு ஒன்று உண்டு. 300-ஐ மெகாஹெர்ட்ஸில் உள்ள அதிர்வெண்ணால் வகுத்தால், அலைநீளம் மீட்டரில் கிடைக்கும். கோடை பண்பலையின் அதிர்வெண் 100.5 மெகாஹெர்ட்ஸ். 300-ஐ 100.5-ஆல் வகுத்தால் ஏறத்தாழ 3 மீட்டர். தகரக் கூரையின் மேல் நிற்கும் கம்பி இதில் நாலில் ஒரு பங்கு இருந்தால், அந்த அலையோடு நன்றாக ஒத்திசையும். அதாவது 75 செ.மீ. கடைகளில் விற்கும் முழு நீளக் கம்பிகள் பெரும்பாலும் 75 முதல் 80 செ.மீ. வரை இருப்பதற்குக் காரணம் இதுதான்.

கூரையும் கம்பியைச் சுற்றி எல்லாப் பக்கமும் ஏறக்குறைய இதே அளவு பரந்திருந்தால் நல்லது. ஆம்னி வேனின் அகலம் சுமார் 1.4 மீட்டர். கூரையின் நடுவில் கம்பியை நட்டால், இரு பக்க விளிம்புகளும் இந்த அளவை நெருங்கிவிடுகின்றன. வேனின் கூரை இயற்கையாகவே அமைந்த நல்ல தளம் என்று சொல்லலாம்.

மத்திய அலையின் கதை வேறு. 1977 ஜூலை 23-ஆம் நாள் சென்னையில் இந்தியாவின் முதல் பண்பலை ஒலிபரப்பு தொடங்கும்வரை, நம் வானொலிகள் மத்திய அலையையும் சிற்றலையையுமே நம்பியிருந்தன. சென்னை நிலையத்தின் பழைய நேயர்களுக்கு 720 கிலோஹெர்ட்ஸ் நன்கு நினைவிருக்கும். அதன் அலைநீளம் சுமார் 417 மீட்டர். அதில் நாலில் ஒரு பங்கு 104 மீட்டர். ஸ்ரீரங்கம் ராஜகோபுரத்தின் உயரமே சுமார் 72 மீட்டர்தான்! அவ்வளவு பெரிய கம்பியை வேனில் நட முடியுமா? ஆகவே மத்திய அலைக்கு வண்டியின் அலைவாங்கி என்றுமே மிகக் குட்டையானது. அது வாங்கித் தரும் மின்னழுத்தம் சொற்பம். அந்தச் சொற்பத்தையும் வழியில் இழக்காமல் கொண்டு சேர்ப்பதே பெரும்பாடு. இதைக் கேபிளைப் பற்றிப் பேசும்போது மீண்டும் காண்போம்.

எதைத் தேர்ந்தெடுப்பது?

கடையில் பல வகைகள் உண்டு. பழைய வேனுக்கு முதல் தேர்வு, வளைந்து நிமிரும் எஃகுக் கம்பிதான். மரக்கிளை தட்டினாலும் ஒடியாது. பழுதாக அதில் எதுவுமில்லை.

இழுத்து நீட்டும் குழாய் வகை வசதியானது. நிறுத்தும் இடத்தில் உள்ளே தள்ளிவிடலாம். ஆனால் குழாய்களின் இணைப்புகளில் புழுதியும் ஈரமும் புகுந்தால் மின்தொடர்பு விட்டுவிட்டு வரும். மாதம் ஒருமுறை துடைத்து வையுங்கள்.

விரல் நீள ரப்பர்க் கம்பிக்குள் மெல்லிய கம்பி சுருளாகச் சுற்றப்பட்டிருக்கும். பார்க்க அழகு, நகருக்குள் போதும். தொலைவில் உள்ள நிலையங்களுக்குப் போதாது. சுறாமீனின் துடுப்பைப் போன்ற வகைகளில் சில வெறும் அலங்காரப் பொருள்களே. உள்ளே கம்பியே இருக்காது. வாங்குமுன் கேபிள் வருகிறதா என்று பாருங்கள்.

சிறு பெருக்கி உள்ள வகைகள் பலவற்றின் விளம்பரம் பெரிது. பெருக்கி நிலையத்தின் ஒலியை மட்டுமா பெருக்கும்? இரைச்சலையும் சேர்த்தே பெருக்கும். நல்ல இடத்தில் நட்ட சாதாரணக் கம்பிக்கு அது ஈடாகாது.

காந்த அடி உள்ள வகைக்குத் துளை போட வேண்டியதில்லை. அதன் அடித்தட்டும் கூரையும் ஒரு மின்தேக்கியைப் போல் சேர்ந்துகொள்வதால், பண்பலைக்கு அது போதும். மத்திய அலைக்கு அவ்வளவு ஏற்றதன்று. காந்தத்தின் அடியில் மழைநீர் தேங்கிப் பெயிண்டை அரிக்கும். அடிக்கடி தூக்கித் துடைக்க வேண்டும்.

உங்கள் வேனின் கூரை கண்ணாடியிழையால் ஆனதா? அப்படியானால் கம்பிக்கு மறு பாதி இல்லை. கூரையின் உட்புறம் மெல்லிய செப்புத் தகடு அல்லது அலுமினியத் தகடு ஒன்றைக் கம்பியைச் சுற்றி முடிந்தவரை அகலமாக ஒட்டி, அடிப்பாகத்தின் போல்ட் அதைத் தொடுமாறு செய்யுங்கள்.

பொருத்தும் முறை

இடம் தேர்வதில் மூன்று செய்திகளைக் கவனியுங்கள். முதலாவது, கூரையின் நடுப்பகுதி சிறந்தது. முடியாவிட்டால் முன்கண்ணாடித் தூணையொட்டிய இடம் இரண்டாவது தேர்வு. இரண்டாவது, சாமான் ஏற்றும் இரும்புச் சட்டத்துக்குள் கம்பியை ஒளிக்காதீர்கள். அச்சட்டம் அலையை மறைக்கும். மூன்றாவது, என்ஜினிலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கிறதோ அவ்வளவு நல்லது. ஆம்னியில் என்ஜின் முன் இருக்கைகளுக்கு அடியிலேயே இருப்பதால், கூரைக்கு உயர்த்துவதே அதிலிருந்து விலகும் வழி.

வேலையைத் தொடங்குமுன் பேட்டரியின் எதிர்முனை இணைப்பைக் கழற்றுங்கள். கூரையின் உள் விரிப்பைத் தளர்த்தி, துளை விழும் இடத்தில் மின்கம்பிகளோ குறுக்குச் சட்டமோ இல்லை என்று கண்ணால் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள். முதலில் சிறு துளை. பிறகு அடிப்பாகத்தின் அளவுக்குப் பெரிய துளை. இரும்புத் தூளை ஒன்று விடாமல் துடைத்தெடுங்கள். விட்டுவைத்த தூள் முதல் மழையிலேயே துருவாக மாறும்.

இப்போதுதான் முக்கியமான கட்டம். துளையின் உட்புறத்தில், வாசர் அமரும் அளவுக்குப் பெயிண்டை முழுவதும் சுரண்டி, பளபளக்கும் தகரத்தைக் காணுங்கள். பெயிண்ட் மின்சாரத்தைக் கடத்தாது என்பதை மறவாதீர்கள். பல் வாசரைப் போட்டு இறுக்கினால், அதன் பற்கள் தகரத்தைக் கடித்துக்கொள்ளும். பிறகு அந்த இடத்தில் வாசலின் அல்லது கிரீஸ் தடவுங்கள், ஈரம் அண்டாது. வெளிப்புறத்தில் துளையின் விளிம்புக்கு ரெட் ஆக்சைடு பூசி, ரப்பர் வளையத்தை வைத்து மூடுங்கள். வெளியே பெயிண்ட், உள்ளே வெறும் தகரம்: இந்த ஒழுங்கு தலைகீழானால் வேலை முழுதும் வீண்.

நீண்ட கம்பி பொருத்திய வண்டியைத் தாழ்வான மின்கம்பிகளின் கீழே ஓட்டிச் செல்லும்போது எச்சரிக்கை தேவை. இடி மின்னல் நேரத்தில் கம்பியைத் தொட்டுச் சரிசெய்ய முயல வேண்டாம்.

கேபிளில் ஒளிந்திருக்கும் திருடன்

அலைவாங்கியின் கேபிள் குட்டையாக இருக்கிறதே என்று, வீட்டில் மிச்சமிருந்த டி.வி. கேபிளை ஒட்டுப்போட்டு நீட்டுவோர் உண்டு. பண்பலைக்கு அது ஓரளவு ஒத்துவரும். மத்திய அலையோ செத்துப்போகும். ஏன்?

குட்டையான கம்பி, மத்திய அலைக்கு ஒரு சிறிய மின்தேக்கியைப் போல நடந்துகொள்கிறது. அதன் அளவு சுமார் 12 பிக்கோஃபாரட் என்று கொள்வோம். கேபிளும் ஒரு மின்தேக்கியே. நடுக்கம்பிக்கும் வெளி உறைக்கும் இடையில் மின்னூட்டம் தங்குகிறது. கம்பி வாங்கிய மின்னழுத்தத்தை இவ்விரண்டும் பங்கு போட்டுக்கொள்கின்றன. காருக்கென்று செய்த கேபிளில் நடுக்கம்பி தலைமயிர் போல் மெல்லியதாய், காற்று நிரம்பிய குழலுக்குள் கிடக்கும். அதனால் மீட்டருக்குச் சுமார் 30 பிக்கோஃபாரட்தான் சேரும். 2 மீட்டர் கேபிளுக்கு 60. அலைவாங்கி வாங்கிய மின்னழுத்தத்தில் ஆறில் ஒரு பங்கு பெட்டியை அடைகிறது. மீட்டருக்கு 100 பிக்கோஃபாரட் உள்ள வேறு கேபிளைப் போட்டால், பெட்டியை அடைவது ஏறத்தாழப் பதினெட்டில் ஒரு பங்குதான்! ஆகவே கார் கேபிளுக்குக் கார் கேபிளையே வாங்குங்கள்.

பழைய வானொலிப் பெட்டியானால், அலைவாங்கிச் செருகு துளையின் அருகே சிறு திருகு ஒன்று இருக்கலாம். மத்திய அலையில் 1400 கிலோஹெர்ட்ஸ் அருகே மெலிதாகக் கேட்கும் நிலையம் ஒன்றைப் பிடித்து, ஒலி மிகும்வரை அதை மெதுவாகத் திருப்புங்கள். அலைவாங்கியையோ கேபிளையோ மாற்றும்போதெல்லாம் இதைச் செய்ய வேண்டும். கடந்த சில ஆண்டுகளில் மத்திய அலை ஒலிபரப்பிகள் பல நிறுத்தப்பட்டிருந்தாலும், பழைய பெட்டியை வைத்திருப்போருக்கு இது பயன்படும்.

குறையைக் கண்டுபிடிக்க மூன்று சோதனைகள்

முதல் சோதனைக்குக் கருவியே வேண்டாம். என்ஜின் ஓடும்போது, பெட்டியின் பின்னால் உள்ள அலைவாங்கிச் செருகியைப் பிடுங்குங்கள். இரைச்சல் நின்றுவிட்டதா? அப்படியானால் அது அலைவாங்கி வழியே வந்தது. நிற்கவில்லையா? மின்சாரம் கொடுக்கும் வயர் வழியே வருகிறது. பாதிக் குழப்பம் இங்கேயே தீர்ந்துவிடும்.

இரண்டாவது சோதனையில் பெட்டி நலமா என்று பார்க்கலாம். செருகியைப் பிடுங்கிய துளையின் நடுவில் 75 செ.மீ. நீளமுள்ள உறையிட்ட செப்புக் கம்பியைச் செருகி, மறுமுனையைச் சன்னலுக்கு வெளியே நீட்டுங்கள். பண்பலை நிலையங்கள் ஓரளவு கேட்டால் பெட்டியில் குறை இல்லை. என் நண்பர் இதை முன்பே செய்திருந்தால் இரண்டு பெட்டிகளின் விலை மிஞ்சியிருக்கும்.

மூன்றாவது சோதனைக்கு மல்டிமீட்டர் வேண்டும். செருகி கழற்றியபடியே இருக்கட்டும். கம்பியின் நுனிக்கும் செருகியின் நடுமுனைக்கும் இடையே மின்தடை ஏறத்தாழச் சுழி இருக்க வேண்டும். இல்லையேல் உள்ளே கம்பி அறுந்திருக்கிறது. நடுமுனைக்கும் வெளி உறைக்கும் இடையே முள் அசையவே கூடாது. அசைந்தால் கேபிளில் ஈரம் இறங்கியிருக்கிறது அல்லது இரண்டும் எங்கோ ஒட்டிக்கொண்டுள்ளன. வெளி உறைக்கும் வண்டியின் வெறும் தகரத்துக்கும் இடையே ஓர் ஓமுக்கும் குறைவாக இருக்க வேண்டும். மிகுந்தால் அடிப்பாகத்தில் துரு. இந்த அளவுகள் சாதாரணக் கம்பிக்கே பொருந்தும். பெருக்கி உள்ள வகைக்குப் பொருந்தா.

இரைச்சலின் குரலைக் கேளுங்கள்

ஹெர்ட்ஸ் தம் அலைகளை உண்டாக்கியது எதைக் கொண்டு தெரியுமா? மின்பொறியைக் கொண்டுதான். பெட்ரோல் என்ஜினில் ஸ்பார்க் பிளக் செய்வதும் அதே வேலை. ஆம்னியின் மூன்று சிலிண்டர் என்ஜின் நிமிடத்துக்கு 3000 சுற்று சுழலும்போது நொடிக்கு 75 பொறிகள் எழுகின்றன. உங்கள் இருக்கையின் அடியில் ஒரு குட்டி ஒலிபரப்பி இயங்குகிறது! 'டக டக' என்று வந்து, ஆக்ஸிலேட்டரை மிதிக்கும்போது வேகமெடுக்கும் ஒலி இதனுடையது. மத்திய அலையில்தான் இது மிகுதி; பண்பலை இதைப் பெரிதும் வடிகட்டிவிடும். மின்தடையுள்ள பிளக் வயர்களைப் போடுவதும், இக்னிஷன் காயிலுக்கு மின்சாரம் வரும் முனையில் மின்தேக்கி ஒன்றைப் பொருத்துவதும் மருந்து. பிளாட்டினம் பாயின்டுக்குச் செல்லும் முனையில் கூடுதல் மின்தேக்கியைப் போடாதீர்கள், பொறியே கெட்டுவிடும். என்ஜினையும் உடலையும் இணைக்கும் பின்னல் பட்டை அறுந்திருக்கிறதா என்றும் பாருங்கள்.

'ஙீ...' என்று இழுத்து, வேகத்தோடு சுருதி ஏறும் ஒலி ஆல்டர்னேட்டருடையது. டீசல் என்ஜினில் ஸ்பார்க் பிளக் இல்லாததால் மேட்டடார் போன்ற வேன்களில் முதல் வகை இரைச்சல் இராது. ஆனால் இது இருக்கும். பெட்டிக்கு மின்சாரத்தைப் பேட்டரியிலிருந்து நேராக, தக்க ஃபியூசோடு எடுத்து, எர்த் வயரையும் நல்ல தகரத்தில் பிடித்தால் பெரும்பாலும் அடங்கும்.

என்ஜினை நிறுத்திய பின்னும் இரைகிறதா? சிகரெட் லைட்டரில் செருகிய கைப்பேசி சார்ஜரைப் பிடுங்கிப் பாருங்கள். மலிவான சார்ஜர்களும் எல்.இ.டி. விளக்குகளும் இன்று பண்பலையைக் கெடுப்பதில் முன்னிற்கின்றன.

அலைவாங்கியின் மேல் பழி போடாதீர்கள்

சில குறைகளுக்கு எந்த அலைவாங்கியும் மருந்தாகாது. பண்பலை அலைகள் ஏறக்குறைய நேர்கோட்டில் செல்பவை. சுமார் 2,100 மீட்டர் உயரமுள்ள மலையிலிருந்து, குறுக்கே தடையில்லாவிட்டால், ஏறத்தாழ 185 கி.மீ. வரை அவை எட்டக்கூடும். கோடை பண்பலை பல மாவட்டங்களில் கேட்பதன் காரணம் இந்த உயரமே. ஆனால் மலையின் மடிப்புக்குள், ஒரு வளைவின் மறைவில் நீங்கள் இருந்தால், ஒலிபரப்பி தலைக்கு மேலேயே இருந்தும் பயனில்லை.

பாறையிலும் கட்டடங்களிலும் பட்டுத் திரும்பும் அலை, நேராக வரும் அலையோடு மோதிச் சில இடங்களில் அதை அழித்துவிடும். அத்தகைய இடங்கள் அரை அலைநீளம், அதாவது 1.5 மீட்டர் இடைவெளியில் அமையக்கூடும். மணிக்கு 60 கி.மீ. வேகத்தில் நொடிக்குப் பதினொரு முறை அவற்றைக் கடக்கிறீர்கள், ஒலி படபடக்கிறது. வண்டி நிற்கும்போது பாட்டு மறைந்தால், ஓரடி ஈரடி முன்னே நகர்த்துங்கள். திரும்பி வந்தால் குறை இடத்தினுடையது, கம்பியினுடையதன்று.

ஆம்னி வேன்களின் உற்பத்தி 2019-இல் நின்றுவிட்டது. ஓடிக்கொண்டிருப்பவை எல்லாம் இனி மேலும் பழையனவாகவே ஆகும், துருவும் மிகும். ஆகவே ஆண்டுக்கு ஒருமுறை, வடகிழக்குப் பருவமழை தொடங்குமுன், ஐப்பசிக்கு முந்திய ஒரு ஞாயிற்றுக்கிழமையில், அலைவாங்கியின் அடிப்பாகத்தைக் கழற்றித் துடைத்து, வாசலின் தடவி, மீண்டும் இறுக்குங்கள். அரை மணி நேர வேலை. என் நண்பர் இப்போது அதைத் தவறாமல் செய்கிறார். மழை வலுக்கும் நாள்களில், மலையேறுமுன் அடிவாரத்தில் வண்டியை நிறுத்தி, செய்தியை முழுவதும் கேட்ட பிறகே புறப்படுகிறார்.